அறிவியல், மதம், சமூகம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அறிவியலின் வரலாற்றைப் பற்றி எங்கே பேச்சு வந்தாலும் கிட்டத்தட்ட இதே சந்தேகங்கள்தான் திரும்பத் திரும்ப என்னிடம் வருகின்றன. கேட்டவர்களின் சொற்களிலேயே கேள்விகளைக் கொடுத்திருக்கிறேன். மேலிருந்து கீழே வரிசையாக வாசித்தால் நல்லது. பின்னால் வரும் பதில்கள் சில முன்னால் உள்ளவற்றைச் சார்ந்தவை.

அறிவியலும் மதமும் ஆரம்பத்திலிருந்தே எதிரிகள்தானே?

இல்லை. அதற்காக எப்போதும் ஒற்றுமையாக இருந்தன என்றும் சொல்ல முடியாது. அறிவியல் என்று ஓர் ஆள், மதம் என்று இன்னோர் ஆள், இருவருக்கும் காலங்காலமாக வழக்கு நடக்கிறது என்று நினைத்துக்கொள்வதில்தான் குழப்பம் ஆரம்பிக்கிறது.

பூமி சூரியனைச் சுற்றுகிறது என்று 1543-ல் நூல் வெளியிட்ட கோப்பர்நிக்கஸ், போலந்தில் ஒரு பேராலயத்தின் நிர்வாகத்தில் இருந்தவர். அந்த நூலைப் போப்பாண்டவருக்கே சமர்ப்பித்தார். பட்டாணிச் செடிகளை வளர்த்து மரபியலுக்கு அடித்தளம் போட்ட மெண்டல் ஒரு துறவி. சண்டை வந்த இடங்களிலும் பெரும்பாலும் இரண்டு பக்கமும் பக்தர்களே நின்றார்கள். எது உண்மை என்று முடிவு சொல்லும் அதிகாரம் யாருக்கு? இதுதான் அவர்களுக்குள் இருந்த தகராறு. கீழே உள்ள பல பதில்களில் இந்தக் கேள்வி மறுபடி வரும்.

மதத்துக்கு அறிவியல் எதற்குத் தேவைப்பட்டது?

முதல் தேவை நாள் பார்க்க. வசந்த காலத்தில் பகலும் இரவும் சமமாகும் நாளையும் முழுநிலவையும் வைத்தே ஈஸ்டர் தேதியைக் கணிக்க வேண்டும். 16-ஆம் நூற்றாண்டுக்குள் பழைய நாட்காட்டி சுமார் பத்து நாள் பிசகிவிட்டது. அதனால் 1582-ல் போப் பதின்மூன்றாம் கிரிகோரி அதைத் திருத்தினார். அந்த ஆண்டு அக்டோபர் 4-க்கு அடுத்த நாள் அக்டோபர் 15. இன்று உலகின் பெரும்பகுதி பயன்படுத்தும் நாட்காட்டி அதுதான். போப் செய்த திருத்தம் என்பதாலேயே புராட்டஸ்டன்ட் நாடுகள் பல நெடுங்காலம் ஏற்கவில்லை. பிரிட்டன் 1752-ல்தான் மாறியது. கணக்கு சரியா தவறா என்பதில் யாருக்கும் பெரிய சந்தேகம் இல்லை. யார் சொல்லி மாறுவது என்பதுதான் அங்கே சிக்கல்.

இசுலாமிய உலகில் தொழுகை நேரத்தையும் மெக்காவின் திசையையும் கணக்கிட வேண்டியிருந்ததால், கோள வடிவியலும் முக்கோணவியலும் நன்றாக வளர்ந்தன. பெரிய பள்ளிவாசல்களில் நேரம் கணிப்பதற்கென்றே வானியலாளர்கள் இருந்தார்கள். டமாஸ்கஸ் உமையா பள்ளிவாசலில் அந்தப் பொறுப்பிலிருந்த இப்னு அல்ஷாதிர் 14-ஆம் நூற்றாண்டில் நிலவின் இயக்கத்துக்கு ஒரு கணித அமைப்பைக் கொடுத்தார். கோப்பர்நிக்கஸ் பின்னாளில் நிலவுக்குத் தந்த அமைப்பும் கணிதப்படி அதுவேதான். இந்தியாவில் வேள்வி மேடைகளைக் குறித்த வடிவில், குறித்த பரப்பில் அமைக்க வேண்டியிருந்த தேவையிலிருந்து சுல்ப சூத்திரங்களின் வடிவியல் பிறந்தது.

எனக்கு மிகவும் பிடித்த உதாரணம் இத்தாலியில் பொலோனா நகரின் சான் பெத்ரோனியோ தேவாலயம். வானியலாளர் காசினி 1655-ல் அதன் கூரையில் ஒரு துளையிட்டு, தரையில் நீண்ட கோடு பதித்து, நண்பகல் வெயில் நாளுக்கு நாள் எங்கே விழுகிறது என்று அளந்தார். கலிலியோ தண்டிக்கப்பட்டு அப்போது 22 ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. ஒரு பெரிய தேவாலயமே சூரியனை அளக்கும் கருவியாக இருந்தது.

பூமி தட்டை என்றுதானே தேவாலயம் சொன்னது? கொலம்பஸ் போய்த்தானே உருண்டை என்று நிரூபித்தார்?

இரண்டுமே தவறு. படித்த ஐரோப்பியர்களுக்கு இடைக்காலம் முழுக்கப் பூமி உருண்டை என்று தெரியும். 13-ஆம் நூற்றாண்டில் சாக்ரோபாஸ்கோ எழுதிய வானியல் பாடநூல் அதைத்தான் கற்பித்தது. பல்கலைக்கழகங்களில் நூற்றாண்டுக் கணக்கில் அந்த நூல் பாடமாக இருந்தது. கொலம்பஸுக்கும் அவரை மறுத்தவர்களுக்கும் இடையில் இருந்த வாதம் தூரம் பற்றியது. ஆசியா பக்கத்தில்தான் இருக்கிறது என்று கொலம்பஸ் குறைத்து மதிப்பிட்டார். மறுத்தவர்கள் சொன்ன தூரமே உண்மைக்கு நெருக்கமானது.

தட்டைப் பூமிக் கதை பரவலானது 19-ஆம் நூற்றாண்டில். 1828-ல் வாஷிங்டன் இர்விங் எழுதிய கொலம்பஸ் வாழ்க்கை வரலாறு அதற்கு ஒரு முக்கியக் காரணம்.

அப்படியானால் இந்தப் "போர்க் கதை" யார் கிளப்பியது?

19-ஆம் நூற்றாண்டின் பின்பாதியில் இரண்டு அமெரிக்கர்கள். வேதியியல் பேராசிரியர் டிரேப்பர் 1874-லும், கார்னெல் பல்கலைக்கழகத்தை நிறுவியவர்களில் ஒருவரான ஆண்ட்ரூ டிக்சன் ஒயிட் 1896-லும் வெளியிட்ட நூல்கள்தான் அறிவியல் வரலாற்றை மதத்துடனான போராகச் சித்தரித்தன. இருவருக்கும் அவரவர் காலத்துக் கோபம் இருந்தது. போப்பின் போதனை பிழையற்றது என்று 1870-ல் வத்திக்கான் சங்கம் அறிவித்திருந்தது. ஒயிட், எந்தச் சபையின் பிடியிலும் இல்லாத பல்கலைக்கழகத்தை உருவாக்கியதற்காக நாத்திகர் என்று வசை வாங்கிக்கொண்டிருந்தார்.

இங்கிலாந்தில் வேறொரு காரணம். 1871 வரை ஆக்ஸ்போர்டிலும் கேம்பிரிட்ஜிலும் பெரும்பாலான ஆசிரியப் பதவிகளுக்கு மதச் சோதனை இருந்தது, அதாவது இங்கிலாந்துத் திருச்சபையின் கோட்பாட்டை ஏற்பதாக உறுதி சொல்ல வேண்டும். ஆராய்ச்சியையே பிழைப்பாகக் கொண்ட புதிய தலைமுறைக்கு அந்த இடங்கள் தேவைப்பட்டன. பாதிரியார்கள் அறிவியலுக்கு எதிரிகள் என்ற வாதம் அவர்களுக்குக் கைகொடுத்தது. அவர்கள் கேட்டது நியாயமான உரிமை. அதற்காக எழுதப்பட்ட வரலாறு அவ்வளவு நியாயமாக அமையவில்லை.

சரி, கலிலியோ? அவரை என்ன செய்தார்கள் என்று எல்லோருக்கும் தெரியுமே!

தெரிந்ததில் பாதி சரி. 1633-ல் திருச்சபையின் ரோம் விசாரணை மன்றம் அவரை மண்டியிட்டு, பூமி சூரியனைச் சுற்றுகிறது என்ற கருத்தைக் கைவிடச் செய்தது. 1642-ல் இறக்கும் வரை வீட்டுக்காவல். அவருடைய நூல் தடை செய்யப்பட்டது. இது அநீதி, இதைப் பூசி மெழுக எந்தக் காரணமும் இல்லை. ஆனால் அவர் நிலவறையில் கிடக்கவில்லை. சித்திரவதை செய்வோம் என்று சட்ட முறைப்படி மிரட்டினார்கள். செய்ததற்குச் சான்று இல்லை. வீட்டுக்காவலில் இருந்தபடியே எழுதிய இயக்கவியல் நூல் 1638-ல் ஹாலந்தின் லைடன் நகரில் வெளிவந்தது. அவருடைய படைப்புகளிலேயே ஆழமானது அதுதான் என்று சொல்பவர்கள் உண்டு. எனக்கும் அதே எண்ணம்.

அவர் சொன்னது அன்றைக்கு நிரூபணமாகியிருந்ததா? இல்லை. வெள்ளிக் கோள் நிலவைப் போல வளர்ந்து தேய்வதை 1610-ல் அவர் தொலைநோக்கியில் பார்த்தார். எல்லாமே பூமியைச் சுற்றுகின்றன என்ற தாலமியின் பழைய அமைப்பு அதோடு சாய்ந்தது. ஆனால் டென்மார்க் வானியலாளர் டைக்கோ பிராகே முன்வைத்த இடைப்பட்ட அமைப்பில் கோள்கள் சூரியனையும், சூரியன் பூமியையும் சுற்றின. வெள்ளியின் பிறைகளை அதுவும் விளக்கியது. பூமி நகர்ந்தால் ஆண்டுக்குள் விண்மீன்களின் இடம் சற்று மாறித் தெரிய வேண்டும். அன்று யாருக்கும் தெரியவில்லை. கடல் ஏற்ற இறக்கத்தைக் கொண்டு கலிலியோ தந்த வாதமோ தவறானது.

இதோடு அரசியலும் சேர்ந்தது. புராட்டஸ்டன்ட் பிரிவினைக்குப் பிறகு, விவிலியத்துக்குப் பொருள் சொல்லும் உரிமையைக் கத்தோலிக்கத் திருச்சபை இறுக்கிப் பிடித்திருந்த நேரம் அது. 1618-ல் தொடங்கிய முப்பதாண்டுப் போர் நடந்துகொண்டிருந்தது. கலிலியோவோ, விவிலியத்தை எப்படி வாசிப்பது என்று 1615-லேயே நீண்ட கடிதம் எழுதியிருந்தார். அப்புறம், தன் பழைய நண்பரான போப் எட்டாம் அர்பனின் வாதத்தை 1632-ல் வந்த நூலில் அறிவு மழுங்கிய பாத்திரத்தின் வாயில் வைத்தார். நட்பு அங்கே முறிந்தது.

புருனோவை உயிரோடு எரித்தார்களே, அது அறிவியலுக்காகத்தானே?

எரித்தது உண்மை. 1600 பிப்ரவரி 17, ரோம் நகரின் காம்போ தே ஃபியோரி சதுக்கம். குற்றச்சாட்டுகளில் எண்ணற்ற உலகங்கள் உண்டு என்ற கருத்தும் இருந்தது. ஆனால் கனமானவை, மூவொரு கடவுள், இயேசுவின் இறைத்தன்மை போன்ற அடிப்படைக் கோட்பாடுகளை மறுத்தவை. அவர் வானத்தை அளந்து ஆராய்ந்தவரும் அல்ல, தத்துவச் சிந்தனையாளர்.

1553-ல் ஜெனீவாவில் எரிக்கப்பட்ட செர்வேட்டஸின் கதையும் இதே மாதிரி. இதயத்திலிருந்து நுரையீரலுக்கு ரத்தம் போய்வரும் சுற்றை விவரித்தவர் அவர். (கெய்ரோவில் இப்னு அல்நஃபீஸ் மூன்று நூற்றாண்டுக்கு முன்பே அதைச் சொல்லியிருந்தார்.) செர்வேட்டஸைக் கொன்றது அந்தக் கண்டுபிடிப்புக்காக அல்ல, இறையியலுக்காக. கொன்றவர்கள் புராட்டஸ்டன்டுகள். இறையியலுக்காக ஒருவரை எரிப்பது அறிவியலுக்காக எரிப்பதைவிட எந்த வகையிலும் சிறிய கொடுமை ஆகிவிடாது. எதற்காகக் கொன்றார்கள் என்பதைச் சரியாகச் சொன்னால்தான் அந்தச் சமூகம் எதற்குப் பயந்தது என்பது புரியும்.

இறந்த உடலை அறுத்துப் பார்க்கக் கூடாது என்று தடை இருந்ததாமே?

பொதுத் தடை ஏதும் இருக்கவில்லை. 1299-ல் போப் எட்டாம் போனிஃபேஸ் தடுத்தது வேறொன்றை. தொலைவில் இறந்தவர்களின் உடலை வேகவைத்து எலும்பை மட்டும் ஊருக்குக் கொண்டுவரும் வழக்கம் அது. அதற்குச் சில ஆண்டுகளிலேயே பொலோனாவில் மொண்டினோ என்ற ஆசிரியர் மாணவர்கள் முன் உடலை அறுத்துப் பாடம் நடத்தினார்.

இசுலாமிய உலகம் அறிவியலில் அவ்வளவு முன்னால் இருந்ததே, ஒரு மதவாதி வந்து கெடுத்துவிட்டார் என்கிறார்களே?

அவர்கள் சொல்லும் பெயர் அல் கஸ்ஸாலி (இறப்பு 1111). தத்துவவாதிகளை அவர் கடுமையாக எதிர்த்தது உண்மை. ஆனால் அதே நூலில், வானியலாளர்கள் கணக்கிட்டுக் காட்டும் கிரகண விளக்கத்தை மதத்தின் பெயரால் மறுப்பவர் மதத்துக்கே கேடு செய்கிறார் என்றும் எழுதினார். அவருக்குப் பிறகும் வேலை நிற்கவில்லை. 1259-ல் ஈரானின் மராகாவில் நசீருத்தீன் தூஸியின் வானாய்வகம், அடுத்த நூற்றாண்டில் மேலே சொன்ன இப்னு அல்ஷாதிர், 15-ஆம் நூற்றாண்டில் சமர்கந்தில் மன்னர் உலுக் பெக் என்று வரிசை நீள்கிறது.

முன்னால் இருந்த காலத்தையும் ஒரே மதத்தின் கணக்கில் எழுத முடியாது. 9-ஆம் நூற்றாண்டு பாக்தாத்தில் கலீஃபாக்களின் ஆதரவில் கிரேக்க மருத்துவ நூல்களை மொழிபெயர்த்தவர்களில் தலைசிறந்தவரான ஹுனைன் இப்னு இஸ்ஹாக் ஒரு கிறிஸ்தவர். பாரசீகரும் யூதரும் அந்தச் சூழலில் இருந்தார்கள். இந்தியக் கணிதமும் அங்கே போய்ச் சேர்ந்தது.

தேய்ந்ததற்கு ஒற்றைக் காரணம் தேடுவது வீண். 1258-ல் மங்கோலியர் பாக்தாத்தை அழித்தார்கள். ஆனால் மராகா வானாய்வகத்துக்குப் பணம் கொடுத்ததும் அதே மங்கோலிய மன்னர் ஹுலாகுதான். புரவலர் ஒருவரை நம்பி நிற்கும் ஆராய்ச்சி, அவர் போனால் கூடவே போய்விடும். இஸ்தான்புல்லில் 1577-ல் எழுந்த தகியுத்தீனின் வானாய்வகம் 1580-ல் சுல்தான் ஆணையால் இடிக்கப்பட்டது. டென்மார்க்கில் டைக்கோ பிராகே கட்டிய வானாய்வகமும் புதிய அரசரின் ஆதரவு போனபின் கைவிடப்பட்டு, இடித்து எடுக்கப்பட்டது. ஐரோப்பாவுக்கு வாய்த்த அனுகூலம், ஓர் அரசர் கைவிட்டால் போய்ச் சேர இன்னொரு அரசவை இருந்தது, தன் சொத்தோடும் சட்டத்தோடும் நீடித்த பல்கலைக்கழகங்கள் இருந்தன, அச்சகம் இருந்தது.

இந்தியாவில் இப்படி மோதலே இல்லை, இல்லையா?

விசாரணை மன்றமோ நூல் தடைப் பட்டியலோ இல்லை என்பது சரி. மோதலே இல்லை என்பது சரியல்ல. பூமி தன்னைத்தானே சுற்றுகிறது, கிரகணம் நிழலால் ஏற்படுகிறது என்று ஆரியபட்டர் 499-ல் எழுதினார். 628-ல் பிரம்மகுப்தர் இரண்டுக்காகவும் அவரைக் கண்டித்தார். ராகுவை மறுப்பது வேதத்துக்கும் ஸ்மிருதிக்கும் விரோதம் என்றார். ஆனால் கிரகணத்தைக் கணக்கிட்டபோது அவரும் நிழலைத்தான் கணக்கிட்டார். சுமார் 1030-ல் இந்தியாவைப் பற்றி எழுதிய அல் பிரூனி இந்த முரணைக் கவனித்து, பிரம்மகுப்தர் சமூகத்துக்கு அஞ்சியிருக்க வேண்டும் என்று கருதி அவருக்காக இரங்கினார். பிரம்மகுப்தரின் மறுப்பு முழுக்க மதம் சார்ந்ததும் அல்ல. பூமி சுற்றினால் உயரமானவை ஏன் விழவில்லை என்றும் கேட்டார். அன்றைய நிலையில் அது நல்ல கேள்வி. ஆரியபட்டருக்குப் பின்வந்த உரையாசிரியர்கள் சிலர் பூமி சுற்றும் வரிகளுக்கு வேறு பொருள் சொல்லிச் சமாளித்தார்கள்.

இங்கே தடை வேறு விதமாக இருந்தது: யார் படிக்கலாம் என்பதில். 14-ஆம் நூற்றாண்டில் கேரளத்தின் மாதவர், ஐரோப்பாவுக்கு இரண்டு நூற்றாண்டுக்கு மேல் முன்னதாகவே, முடிவிலாத் தொடர்களைக் கண்டார். அந்த அறிவு பெரும்பாலும் நம்பூதிரிக் குடும்பங்களுக்குள் குரு சீடர் வரிசையாகவே கைமாறியது. வெளி உலகத்துக்குப் பரவலாகத் தெரியவந்தது 19-ஆம் நூற்றாண்டில்தான். எரிக்கப்படாத நூலும் வாசிக்கப்படாமலே இருக்க முடியும்.

இயற்கைப் பேரிடரை "கடவுளின் தண்டனை" என்று சொல்வது எப்போது நின்றது?

இன்றும் நிற்கவில்லை. ஆனால் ஒரு திருப்பத்தைச் சொல்லலாம். 1755 நவம்பர் 1, புனிதர் அனைவர் திருநாள். தேவாலயங்கள் நிறைந்திருந்த வேளையில் லிஸ்பன் நகரைப் பூகம்பம் தரைமட்டமாக்கியது. இது பாவத்தின் சம்பளம் என்று மலக்ரிடா என்ற இயேசு சபைக் குரு பிரசாரம் செய்தார். போர்ச்சுகல் அமைச்சர் பொம்பால், எவ்வளவு நேரம் ஆடியது, எத்தனை முறை பின்னதிர்ச்சி வந்தது, கடல் உள்வாங்கியதா என்று கேள்வித்தாள் ஒன்றை நாடெங்கும் அனுப்பினார். அதற்கு விடை எழுதி அனுப்பியவர்கள் பங்குக் குருமார்களே. நிலநடுக்க ஆய்வுக்கு அந்த விடைகள் இன்றும் பயன்படுகின்றன.

டார்வின் வந்ததும் மதம் கொதித்தெழுந்தது, அதுவாவது உண்மைதானே?

பாதி. 1859-ல் அவர் நூல் வந்தபோது எதிர்த்தவர்களில் அறிவியலாளர்களும் இருந்தார்கள், ஆதரித்தவர்களில் பக்தர்களும் இருந்தார்கள். அமெரிக்காவில் டார்வினுக்காக முன்னின்று வாதாடிய தாவரவியலாளர் ஏசா கிரே உறுதியான கிறிஸ்தவர். 1860-ல் ஆக்ஸ்போர்டில் பிஷப் வில்பர்ஃபோர்ஸும் டார்வினை ஆதரித்த ஹக்ஸ்லியும் மோதியபோது பேசியதாகச் சொல்லப்படும் புகழ்பெற்ற வசனங்கள் பெரும்பாலும் பின்னாளைய நினைவுகளிலிருந்து வந்தவை. 1882-ல் டார்வின் இறந்தபோது வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்தில்தான் அடக்கம் செய்தார்கள்.

பெரிய சட்டப் போர் அமெரிக்காவில், 1925-ல். டென்னசி மாநிலத்தில் பரிணாமம் கற்பித்ததற்காக ஸ்கோப்ஸ் என்ற ஆசிரியருக்கு 100 டாலர் அபராதம். பரிணாமம் உண்மை, அதைக் கற்பிக்கத் தடை போட்டது தவறு. இதில் எனக்குத் தயக்கமே இல்லை. ஆனால் அந்த வழக்கில் அடிபட்ட பாடநூலைத் திறந்தால், மனித இனங்களுக்கு மேல் கீழ் வரிசை போட்டிருக்கும்; "தகுதியற்ற" மனிதர்கள் பெருகாமல் தடுக்க வேண்டும் என்றிருக்கும். அந்தப் பக்கங்கள் அன்றைய அறிவியலின் பெயரால் அச்சிடப்பட்டவை.

அப்படி என்றால் அறிவியலும் தீங்கு செய்திருக்கிறதா?

செய்திருக்கிறது. "தகுதியற்றவர்கள்" பெருகாமல் தடுக்க வேண்டும் என்று முந்தைய பதிலில் சொன்ன அந்தக் கருத்துக்கு அமெரிக்க உச்ச நீதிமன்றமே 1927-ல் ஒப்புதல் கொடுத்தது. கட்டாயக் கருத்தடை செய்யப்பட்டவர்கள் அந்த நாட்டில் 60,000-க்கும் மேல். போப் பதினொன்றாம் பயஸ் 1930-ல் அதைக் கண்டித்தார். புராட்டஸ்டன்ட் போதகர்கள் பலர் அதை ஆதரித்துப் பிரசங்கம் செய்தார்கள்.

அறிவியலைத் தடுத்தது மதம் மட்டும்தானா?

இல்லை. சோவியத் ஒன்றியத்தில் நாத்திக அரசு, 1948-ல் லைசென்கோவின் போலிக் கொள்கைக்காக மரபியலையே தடை செய்தது. உலகெங்கும் விதை சேகரித்த மரபியலாளர் வவிலோவ் 1943-லேயே சிறையில் இறந்திருந்தார். அங்கே திருச்சபையின் இடத்தில் கட்சி இருந்தது.

இதற்கு நேர்மாறான கதையும் உண்டு. 1721-ல் பாஸ்டனில் பெரியம்மை பரவியபோது, அம்மைப்பால் குத்துவதை (நோயாளியின் கொப்புள நீரை நலமாக இருப்பவரின் தோலைக் கீறி ஏற்றுவதை) வற்புறுத்தியவர் காட்டன் மேதர் என்ற போதகர். ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவரப்பட்டு அவர் வீட்டில் அடிமையாக இருந்த ஒனேசிமஸ்தான் அந்த முறையை அவருக்குச் சொன்னவர். எதிர்த்து நின்றவர், நகரில் மருத்துவப் பட்டம் பெற்றிருந்த ஒரே மருத்துவர். நோய் கண்ட சுமார் 6,000 பேரில் 800-க்கு மேற்பட்டோர் இறந்தார்கள்; குத்திக்கொண்ட சுமார் 240 பேரில் 6 பேர். ஒனேசிமஸை யாரும் நிபுணராக மதிக்கவில்லை.

உண்மையான விஞ்ஞானி கடவுளை நம்ப மாட்டார்தானே?

நியூட்டன் இயற்பியலைப் போலவே இறையியலிலும் ஏராளமாக எழுதியவர். மூவொரு கடவுள் கோட்பாட்டை மறுத்தவர். பதவி போய்விடும் என்பதால் அதை மறைத்தே வைத்திருந்தார். 1979-ல் ஒரே கொள்கைக்காக நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டவர்களில் அப்துஸ் சலாம் ஆழ்ந்த பக்தர், ஸ்டீவன் வைன்பெர்க் நாத்திகர். சமன்பாடு ஒன்றேதான். சலாமுக்குத் தொல்லை வேறு பக்கமிருந்து வந்தது: அவருடைய அகமதியா பிரிவினர் முஸ்லிம்களே அல்ல என்று 1974-ல் அவருடைய நாடான பாகிஸ்தான் சட்டம் போட்டது.

அமெரிக்க அறிவியலாளர்களிடம் 1914-ல் கேட்டபோது சுமார் 40 சதவீதம் பேர் பிரார்த்தனைக்குச் செவிசாய்க்கும் கடவுளை நம்புவதாகச் சொன்னார்கள். 1996-ல் அதே கேள்விக்கு ஏறக்குறைய அதே விடை. தேசிய அறிவியல் கழகத்தின் உறுப்பினர்களிடம் 1998-ல் கேட்டபோதோ 7 சதவீதம்தான். இரண்டு எண்களில் பிடித்ததை மட்டும் எடுத்துக்கொள்பவர்களை நிறையப் பார்க்கிறேன்.

எல்லா அறிவியலும் எங்கள் புனித நூலில் ஏற்கெனவே இருக்கிறதே?

ஏறக்குறைய எல்லா மதத்தவரும் இதைக் கேட்டிருக்கிறார்கள். நான் திருப்பிக் கேட்பது ஒன்றுதான்: ஆய்வகத்தில் கண்டுபிடிப்பதற்கு முன்பு, அந்த வரியை வாசித்து யாராவது அதைச் சொன்னார்களா?

பெருவெடிப்புக் கொள்கைக்கு 1931-ல் வித்திட்ட லெமேத்ர் ஒரு கத்தோலிக்கக் குரு. 1951-ல் போப் பன்னிரண்டாம் பயஸ் அந்தக் கொள்கை படைப்பை உறுதிசெய்கிறது என்ற தொனியில் பேசியபோது முதலில் சங்கடப்பட்டவர் அவர்தான். இயற்பியல் கொள்கை நாளை மாறலாம். அதன்மேல் விசுவாசத்தைக் கட்டக் கூடாது என்பது அவர் நிலை. அடுத்த ஆண்டு வானியலாளர் கூட்டத்தில் பேசிய போப் அந்த ஒப்பீட்டைத் தொடவில்லை.

அறிவியலும் வேதமும் முரண்பட்டால் பழைய காலத்து அறிஞர்கள் என்ன செய்தார்கள்?

பலர் தெளிவாகவே பதில் சொல்லியிருக்கிறார்கள். உறுதியாகத் தெரிந்த ஒன்றோடு வேதவாக்கு மோதினால், நாம் கொண்ட பொருள்தான் பிழை என்றார் 5-ஆம் நூற்றாண்டில் புனித அகஸ்தீன். உண்மை உண்மைக்கு முரணாகாது என்றார் 12-ஆம் நூற்றாண்டில் முஸ்லிம் தத்துவவாதி இப்னு ருஷ்து. கலிலியோவை எச்சரித்த கர்தினால் பெல்லார்மின்கூட, பூமி நகர்வதற்கு மெய்யான நிரூபணம் வந்தால் வேதத்துக்கு வேறு பொருள் தேட வேண்டியிருக்கும் என்று 1615-ல் எழுதினார்.

நிரூபணம் வந்துவிட்டதா என்று முடிவு செய்வது யார் என்பதில்தான் எல்லாம் சிக்கிக்கொண்டது. முன்பு சொன்ன அந்த விண்மீன் இடமாற்றத்தை முதலில் நம்பகமாக அளந்தவர் ஜெர்மானியர் பெசல், 1838-ல். அதற்காக யாரும் காத்திருக்கவில்லை. நியூட்டனின் விதிகள் 1687 முதல் வால்மீனையும் கோளையும் கடலையும் ஒரே கணக்கில் கொண்டுவந்தபோதே வானியலாளர்கள் மனம் மாறிவிட்டார்கள். கோப்பர்நிக்கஸையும் கலிலியோவையும் திருச்சபை தன் தடைப் பட்டியலிலிருந்து எடுத்தது 1835-ல், பெசல் அளப்பதற்கு மூன்று ஆண்டுகள் முன்பு.